பூவரசு மூடிய மையவாடி

போரைப் பற்றிய கதைகளின் கடைசிப் பந்தியில் பெரும்பாலும் ஆட்கள் இருப்பதில்லை. பல்கலைக்கழகத்தில் இறுதி ஆண்டு ஆய்வுக்காக அத்தகைய கதைகளைத் தொடர்ச்சியாக வாசித்தபோது இதைக் கவனித்தேன். மனிதர்கள் முன் பக்கங்களிலேயே செத்தோ ஓடியோ போயிருப்பார்கள். கடைசியில் அலை வந்து காலடிகளை அழிக்கும். கூரையில்லாத வீட்டுக்குள் மரம் ஒன்று வளர்ந்திருக்கும். யாருமற்ற அறையில் வானொலி செய்தி வாசித்துக்கொண்டிருக்கும். மனிதன் போய்விட்டான், இயற்கையும் இயந்திரமும் தங்கிவிட்டன என்ற அந்த அமைதி எனக்கு மிகவும் பிடித்திருந்தது. அதைப் பற்றியே ஆய்வை எழுதினேன்.

புத்தளத்துத் தில்லையடியில் எங்களுக்கு ஒரு வாசகர் வட்டம் இருக்கிறது. மதுரங்குளியிலிருந்தும் கற்பிட்டிப் பக்கத்திலிருந்தும் சிலர் வருவார்கள். பிற்பகலில் கூடி, தேநீர் குடித்து, ஒரு புத்தகத்தைப் பேசிக் கலைவோம். இந்த ஆண்டு என்னுடைய ஆய்வைப் பற்றிப் பேசும்படி கேட்டார்கள். பேச்சுக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்த நாட்களில்தான் மன்னாரிலிருந்து உம்மாவுக்கு அந்த அழைப்பு வந்தது.

உம்மாவின் ஊர் மன்னார்ப் பக்கம். வாப்பாவின் ஊரும் அதுவே. தொண்ணூறில் ஆயுத இயக்கம் வடக்கு முஸ்லிம்கள் எல்லோரையும் வெளியேறச் சொன்னபோது புத்தளத்துக்கு வந்தவர்கள். நான் இங்கே, ஓலைக்கொட்டில் முகாமில் பிறந்தேன். எனக்கு முன்னர் அங்கே ஒரு ராத்தா பிறந்திருந்தாள். தவழத் தொடங்கிய வயதில், காய்ச்சலில் மௌத்தாகிவிட்டாள். வெளியேற்றத்துக்குச் சில வாரங்களுக்கு முன்னர் நடந்தது அது.

எங்களிடையே, ஜனாஸாவை அடக்கக் கொண்டுபோகும்போது பெண்கள் மையவாடிக்குப் போவதில்லை. வாப்பாதான் பிள்ளையைக் கையில் ஏந்திக்கொண்டு போனார். உம்மா வாசல்வரைதான் வந்தார். அடக்கிய பிறகு தலைமாட்டிலும் கால்மாட்டிலும் மீசான் வைக்கவேண்டும். அது ஒரு சிறிய அடையாளப் பலகை. நாற்பதாம் நாள் கத்தத்துக்கு நல்ல முதிரைப் பலகை அறுத்து நடலாம், அதுவரைக்கும் இது நிற்கட்டும் என்று வாப்பா இரண்டு பூவரசங் கொப்புகளை வெட்டி ஊன்றிவிட்டு வந்தார். பச்சைக் கொப்பு ஈரமாக இருக்கும் மட்டும் இறைவனைத் துதித்துக்கொண்டிருக்கும், அது கபுறுக் குழியில் இருப்பவருக்கு நல்லது என்ற நம்பிக்கையும் அவருக்கு இருந்தது. நாற்பது வருவதற்கு முன் ஊரே வெளியேறவேண்டியதாயிற்று. முதிரைப் பலகை தச்சுப் பட்டறையிலேயே கிடந்தது.

வாப்பா மட்டுமல்ல, அந்தக் காலத்தில் எங்கள் ஊரில் அநேகர் அப்படித்தான் செய்தார்களாம். பூவரசு எளிதில் வேர்விடும் மரம் என்பதை வேலி போடும்போது எல்லோரும் அறிந்திருந்தார்கள். கபுறில் ஊன்றும்போது யாரும் அதை நினைக்கவில்லை. நாற்பது நாளில் பிடுங்கப்போகிற கொப்புத்தானே.

போர் முடிந்த பிறகு வாப்பா ஒருமுறை போய்ப் பார்த்தார். வீதியிலிருந்தே திரும்பிவிட்டார். "காடு, உள்ளுக்குப் போக வழியில்ல" என்று மட்டும் சொன்னார். சில ஆண்டுகளில் அவரும் மௌத்தானார். அவரைப் புத்தளத்தில் அடக்கினோம். பிள்ளை கிடக்கும் இடத்தைத் தெரிந்த ஒரே ஆள் அவர்தான். உம்மாவிடம் மிஞ்சியது அவர் சொன்ன ஒரு வசனம் மட்டுமே: கிணற்றுப் பக்கம், மதில் மூலையில், இரண்டு பூவரசங் கொப்பு.

அழைத்தவர் ஊருக்குத் திரும்பிக் குடியேறியிருந்த உறவினர் ஒருவர். மையவாடியைத் துப்புரவாக்கப் போகிறோம், மண் அள்ளும் பெக்கோ வருகிறது, யாராவது தங்கள் ஆட்களின் கபுறை அடையாளம் காட்டினால் அந்த இடத்தை மட்டும் விட்டுவிடுவோம் என்றார். நான் தொலைபேசியை வாங்கி, எல்லா மரங்களையும் ஏன் விடமுடியாது என்று கேட்டேன். மரங்களின் பெறுமதி, நிழல், மண் என்று நான் படித்தவற்றையெல்லாம் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்:

"மகள், போன மழைக்கு இங்க ஒரு ஆள் மௌத்து. ஊரில வந்து கண்ணை மூடோணும் எண்டு ஆசைப்பட்டு வந்த மனுசன். குழி வெட்டப் போனா முழுக்க வேர். கோடாலியும் இறங்கேல்ல. கடைசியில ஜனாஸாவைத் திரும்பப் புத்தளத்துக்கே கொண்டுபோனம். மரத்தை வைச்சிருந்தா மௌத்தாகிறவங்க எங்க போறது, சொல்லுங்க?"

தொலைபேசியை உம்மாவிடம் திருப்பிக் கொடுத்தேன். அவர்கள் செய்தது பிழை என்று இன்றைக்கும் என்னால் எழுதமுடியாது.

உம்மாவுக்கு இடுப்பெலும்பு முறிந்து ஆண்டுகளாகின்றன. அந்தப் பாதையில் வாகனத்தில் கொண்டுபோக முடியாது. பெரியம்மாவின் மகன், நான் அண்ணன் முறையில் நானா என்று கூப்பிடுகிறவர், கலியாண வீடுகளுக்கு வீடியோ எடுக்கிறவர். மாப்பிள்ளை ஊர்வலத்தை மேலிருந்து எடுக்க ஒரு ட்ரோன் வைத்திருக்கிறார். "சாச்சி, நீங்க போகத் தேவையில்ல. மையவாடியை உங்கட ஹோலுக்குக் கொண்டுவாறன்" என்றார். உரிய அனுமதி எடுத்துக்கொண்டு போய், பெக்கோ வருவதற்கு முன்னரே படம்பிடித்து வந்தார்.

அடுத்த நாள் காலையில் அதை எங்கள் தொலைக்காட்சியில் போட்டார். உம்மா முக்காட்டைச் சரிசெய்துகொண்டு கதிரையை முன்னால் இழுத்துப் போடச் சொன்னார். ஒரு மையவாடிக்குள் தன் வாழ்நாளில் முதல்முறையாக அவர் நுழைந்தது அப்போதுதான்.

படத்தில் ஓசை இல்லை. பச்சை மட்டும் இருந்தது. ஒரு கரையிலிருந்து மறுகரை வரைக்கும் பூவரசு. மஞ்சள் பூக்களும், வாடிச் சிவந்த பூக்களுமாக, மேலிருந்து பார்க்க விரித்துப்போட்ட ஒரு துணிபோல. மதில் இல்லை. கிணறு இல்லை. கொப்புகள் மரமாகி, மரங்கள் விதை போட்டு, விதைகள் மீண்டும் மரமாகி, எது நட்டது, எது தானாக முளைத்தது என்று யாரும் சொல்லமுடியாதபடி ஒன்றாகிக் கிடந்தன.

"கொஞ்சம் கீழ இறக்கி எடுத்திருக்கலாமே மகன்" என்றார் உம்மா.

"இதுக்குக் கீழ இறக்கியிருந்தா கொப்பில மாட்டியிருக்கும் சாச்சி. பிறகு என்ர சாமானுக்கும் ஒரு மீசான் நடவேண்டி வந்திருக்கும்."

உம்மா சிரித்தார். அவர் சிரித்தது எனக்கு ஆறுதலாக இருந்தது. பிறகு எழுந்து, ஊன்றுகோலோடு திரைக்குப் பக்கத்தில் போய், விரலை வைத்துத் தேடத் தொடங்கினார். கிணறு இங்கே இருந்தால் மதில் அங்கே. இல்லை, கிணறு அங்கே என்றால் மூலை இங்கே. ஒரே படத்தை நானா மீண்டும் மீண்டும் போட்டார். இறுதியில் ஓரிடத்தில் நிறுத்தி, நெருக்கமாக நின்ற இரண்டு மரங்களைக் காட்டினார்.

"சாச்சி, இதுதான் எண்டு நினைக்கிறன். பக்கத்தில பள்ளம் மாதிரித் தெரியுது. அது கிணறாத்தான் இருக்கோணும். இதை விடச் சொல்லுவம்."

நான் அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. அவருக்கும் தெரியாது என்பது எனக்கு விளங்கியது. ஒரு தாய்க்கு ஆறுதல் சொல்லும் பொய் யாருக்குத் தீங்கு செய்யும் என்று அந்தக் கணத்தில் நானும் யோசித்துப் பார்த்தேன். இரண்டு மரங்கள் தப்பும். உம்மாவுக்கு நினைத்து அழ ஓர் இடம் கிடைக்கும்.

உம்மா கேட்டார்: "நீ கண்டு சொல்லுறியா, எனக்காகச் சொல்லுறியா?"

நானா ரிமோட்டைக் கீழே வைத்தார்.

"அப்ப வேணாம். அது ஆருட பிள்ளையோ. அவளும் எங்கயாவது ஒரு டீவிக்கு முன்னால நிண்டு தேடிக்கொண்டிருப்பாள். மத்தவளுட பிள்ளைக்கு மேல நிண்டு என்ர பிள்ளை எண்டு நான் அழக்கூடாது."

அன்று மாலையே உம்மா தொலைபேசியில் சொல்லிவிட்டார்: எங்களுக்கு அடையாளம் தெரியவில்லை, நீங்கள் வேலையைத் தொடங்குங்கள். குரல் தெளிவாகத்தான் இருந்தது. பேசி முடித்ததும் கைபேசியை என்னிடம் தராமல் நெடுநேரம் மடியிலேயே வைத்திருந்தார்.

பெக்கோ வந்தது. கபுறுகளுக்கு நோகாமல், வேரைத் தோண்டாமல், நிலமட்டத்தில் வெட்டி இழுத்ததாகவும், கபுறு இல்லாத ஓரத்தில் மட்டும் புதிய குழிகளுக்காக வேரையும் எடுத்ததாகவும் சொன்னார்கள். அடையாளம் காட்டிய சில குடும்பங்களின் மரங்கள் நிற்கின்றன. இப்போது அங்கே புதிய மதில் இருக்கிறது. பிறகு மௌத்தான ஒரு பெண்ணைச் சொந்த ஊரிலேயே அடக்கியிருக்கிறார்கள். அந்தக் குடும்பத்துக்கு அது எவ்வளவு பெரிய நிம்மதி என்பதை நான் அறிவேன். அதை அறிந்திருப்பதால் எங்கள் வீட்டின் துயரம் குறையவில்லை.

இதன் பின்னர்தான் வாசகர் வட்டத்தில் பேசும் நாள் வந்தது. கற்பிட்டிப் பக்கத்திலிருந்து வரும் தோழி ஒருத்தி அன்று என்னோடு ஒரே முச்சக்கரவண்டியில் வந்தாள். கத்தோலிக்க மீனவக் குடும்பத்தவள். தமிழ் படிப்பிக்கும் ஆசிரியை. பேச்சின் சாரத்தைக் கேட்டாள். மனிதர் இல்லாத இடத்தில் மரமும் இயந்திரமும் நிலைப்பது பற்றி என்று சொல்லத் தொடங்கினேன்.

"உங்கட கதைக்காரர் ஆக்கள் எல்லாரையும் சாகடிச்சுப்போட்டு, கடைசியில மரத்துக்கு மார்க் போடுறினம்" என்றாள்.

"அது ஒரு படிமம்."

"சரி படிமம். எங்கட கடற்கரையில காத்தாலை சுத்துதுதானே? நீ அதை எழுதினா, உலகம் அழிஞ்ச பிறகும் சுத்திச்சுது எண்டு முடிப்பாய். எங்கட தெருப் பெடியன் ஒருத்தன் இடுப்பில கயிறு கட்டி அதில ஏறுறான், திருத்துறதுக்கு. அவன் ஏறாட்டி ரெண்டு வருசத்தில நிண்டுபோகும். அவன்ட மனுசி கீழ நிண்டு செபமாலை சொல்லுறது உங்கட கதையில வருமா?"

நான் சிரித்தேன். ஆனால் எழுதி வந்திருந்த பேச்சைப் பைக்குள்ளேயே வைத்துவிட்டேன்.

அன்று வட்டத்தில் நான் சொன்னது இவ்வளவுதான். காடு தானாக ஓர் ஊரை மூடுவதில்லை. முதலில் யாரோ அந்த ஊர் மக்களை வெளியேறச் சொல்லவேண்டும். கதை மரத்தில் முடியும்போது வெளியேறச் சொன்னவரும் மறைந்துபோகிறார், அதைக் கேட்டு ஊரைவிட்டு நடந்தவர்களும் மறைந்துபோகிறார்கள். குற்றமும் இழப்பும் ஒரே பச்சைக்குள் போய்விடுகின்றன. அந்த அமைதி அழகானது என்பதை நான் இன்றும் மறுக்கவில்லை. ஆனால் அது தூரத்தில் நிற்பவருக்குக் கிடைக்கும் அமைதி. எங்கள் ஹோலில், திரையில் விரலை வைத்துத் தேடிய ஒரு பெண்ணுக்கு அந்தப் பச்சையில் அமைதி இருக்கவில்லை. மரம் மிஞ்சியது என்று எழுதுகிறவர் அதை ஊன்றிய கையையும் எழுதவேண்டும். எழுத இடமில்லை என்றால், இடமில்லாமற் போனது எப்படி என்றாவது எழுதவேண்டும்.

சிலர் ஏற்றுக்கொண்டார்கள். இலக்கியத்திடம் நியாயசபை வேலையைக் கேட்கிறேன் என்று ஒருவர் சொன்னார். அவர் சொன்னதிலும் உண்மை இருக்கலாம். தேநீர் வந்தது, கலைந்தோம்.

இப்போது அந்த மரக்காடு இல்லை. மனிதர் போனபின் மரம் நின்றது. மரம் போனபின் படம் நிற்கிறது. நானா அதை ஒரு பென்டிரைவில் போட்டுத் தந்திருக்கிறார். மாலையில் அஸர் தொழுது முடித்ததும் சில நாட்களில் உம்மா அதைப் போடச் சொல்வார். பூக்கள் தெரியும் பகுதியைத்தான் பார்க்க விரும்புவார் என்று முதலில் நினைத்தேன். அவர் கேட்பது தொடக்கத்தை.

தொடக்கத்தில், ட்ரோன் தரையிலிருந்து எழும்பும்போது, சில கணங்களுக்கு நானா தெரிவார். தொப்பி போட்டிருப்பார். கையில் கட்டுப்படுத்தும் கருவி. மையவாடியின் ஓரத்தில், மரங்களைப் பார்த்தபடி நிற்பார். அவருடைய உதடுகள் அசையும். கபுறடிக்குப் போகிறவர் அங்கே கிடப்பவர்களுக்கு முதலில் ஸலாம் சொல்லவேண்டும் என்பதால் அதைத்தான் சொல்கிறார். பிறகு கமெரா உயரும். அவர் விரலளவாகி, புள்ளியாகி, பச்சையின் ஓரத்தில் காணாமற் போவார். அதன் பின் படம் முடியும்வரைக்கும் அதில் ஆளே இல்லை.

"இதில நிப்பாட்டு" என்பார் உம்மா.

நான் நிறுத்துவேன். கொஞ்சம் பின்னுக்குப் போகச் சொல்வார். உதடுகள் அசையும் இடத்தை மறுபடியும் பார்ப்பார். ஒருநாள், ஓசையற்ற அந்த ஸலாத்துக்கு, "வஅலைக்குமுஸ்ஸலாம்" என்று உம்மா மெதுவாகப் பதில் சொன்னார்.

"உம்மா, அது கபுறில கிடக்கிறவங்களுக்குச் சொன்ன ஸலாம்" என்றேன்.

"ஓம் மகள், தெரியும்" என்றார். கண்ணைத் திரையிலிருந்து எடுக்கவில்லை. "மத்தவங்க பதில் சொல்லியிருப்பாங்க. என்ர பிள்ளை கதைக்கப் பழகேல்லையே. அவளுக்காக நான்தான் சொல்லோணும்."

அன்று படத்தை நான் மேலே போகவிடவில்லை.