தையலக்காவின் முதல் வெளிநாட்டுப் பயணம்

தேசிய ரக்பி அணியின் வெளிநாட்டுப் பயணப் பட்டியலில் கடைசிப் பெயர் தையலக்காவுடையது. பள்ளிச் சீருடை தைத்துக்கொண்டிருந்தவர். ஒருநாள் அணியின் மேலாளர் கிழிந்த ஜெர்சியோடு வந்து, "எங்க குடுத்தாலும் அடுத்த ஆட்டத்துலயே பிரிஞ்சிடுதுக்கா" என்று புலம்பினார். அக்கா தையலைத் திருப்பிப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். "இது தையலா? சும்மா ஒப்புக்கு ஊசி போயிட்டு வந்திருக்கு." அவர் தைத்துக் கொடுத்தது மூன்று வருடம் தாங்கியது. அன்றிலிருந்து அணியின் துணிமணியெல்லாம் அவர் பொறுப்பு.

விளையாட்டு மட்டும் அவருக்குப் பிடிபடவேயில்லை. முன்னால் ஓட வேண்டுமாம், பந்தைப் பின்னால்தான் எறிய வேண்டுமாம். வேலைவெட்டி இல்லாத யாரோ உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள் என்பது அவர் கட்சி.

கிளம்பும் நாளன்று கணவர் பெட்டியின் மேல் ஏறி உட்கார்ந்து அதை மூடினார். "முப்பது தடியனுங்களோட போற. எவனாவது தெரியாம உன் மேல உக்காந்துடப் போறான்."

"உக்காரட்டும். ஊசி எதுக்கு இருக்கு?"

போய் இறங்கியதும் தலையில் இடி. ஆட்கள் ஒரு நாட்டுக்கு வந்திருக்க, மூட்டைகள் வேறொரு நாட்டுக்குப் போயிருந்தன. கைப்பையில் வைத்திருந்த பூட்ஸும் ஒரே ஒரு செட் உடையும்தான் ஆளுக்கு மிச்சம். மேலாளர் விமான நிலையத்தில் கத்திப் பார்த்தார், கெஞ்சிப் பார்த்தார். கவுண்டரில் இருந்த பெண் சிரித்த முகம் மாறாமல் ஒரு படிவத்தை நீட்டினாள். அக்கா பயிற்சி முடிந்ததும் அத்தனையையும் விடுதியின் குளியல் தொட்டியில் அலசிப் போட்டார். அந்த மாடியில் இருந்த முடி உலர்த்திகளையெல்லாம் இரவல் வாங்கி, ஆளுக்கொன்றாகக் கொடுத்து அவரவர் ஜெர்சியை அவரவரையே காய வைக்கச் சொன்னார்.

முதல் ஆட்டம். எதிரணியில் ஒருவன் பிடித்திழுத்த வேகத்தில் நம் பக்கத்து 'அலமாரி'யின் கால்சட்டை டர்ரென்று கிழிந்தது. அலமாரி என்றால் வாசலில் பக்கவாட்டாகத் திரும்பித்தான் நுழைவான், அப்படி ஒரு உடம்பு. அடுத்தவர் கால்சட்டை அவன் முழங்காலைத் தாண்டாது. மாற்று ஆட்டக்காரர்கள் எல்லோரையும் இறக்கியாகிவிட்டது.

அக்கா நூலைப் பல்லில் கடித்துக்கொண்டு மைதானத்துக்குள் ஓடினார். ஆறு பேர் முதுகைக் காட்டிச் சுற்றிச் சுவர்போல நின்றார்கள்.

"அக்கா, வலிக்குது!" புருவம் கிழிந்து ரத்தம் கொட்டியபோதுகூட வாய் திறக்காதவன் அலறினான்.

"டேய், இன்னும் ஊசியில நூலே கோக்கல."

தைத்து முடித்து நிமிர்ந்தால், எதிரணிக்காரன் ஒருவன் பக்கத்தில் வந்து நின்று, தன் ஜெர்சியின் விலாப்பக்கம் வாய் பிளந்து கிடந்ததைக் காட்டினான். அக்கா மறுபேச்சில்லாமல் அவன் பக்கம் திரும்பினார்.

"அக்கா, அவன் எதிரணி!" கேப்டன் பதறினான்.

"அதுக்காகக் கிழிசலோட அலையட்டுமா?"

அரங்கமே எழுந்து கைதட்டியது. யாரோ புள்ளி எடுத்துவிட்டார்கள் போலிருக்கிறது என்று அக்கா திரும்பிப் பார்த்தார்.

கடைசி நிமிடம். நம் அணி இரண்டு புள்ளி முன்னால். அதே எதிரணிக்காரன் பந்தோடு பிய்த்துக்கொண்டு ஓடினான். துரத்திய அலமாரியின் கைக்கு அகப்பட்டது அவன் ஜெர்சியின் விலாப்பக்கம் மட்டும்தான். வேறு தையலாக இருந்தால் துணிதான் கையோடு வந்திருக்கும். இது பிரியவில்லை. புள்ளி எடுக்கும் கோட்டுக்கு ஒரு சாண் முன்னால் ஆள் மல்லாந்தான். ஆட்டம் நமக்கு.

அலமாரி அக்காவைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு மைதானத்தைச் சுற்றினான். "இறக்குடா, தலை சுத்துது!" என்று அவர் போட்ட கூச்சலை யாரும் சட்டை செய்யவில்லை.

மறுநாள் காலை கணவர் போனில் வந்தார். "டிவியில உன் முதுகைத்தான் காட்டினாங்க. நான் கண்டுபிடிச்சிட்டேன்."

அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு கீழே இறங்கியபோது, வரவேற்பறையில் எதிரணியின் மேலாளர் ஒரு மூட்டை கிழிந்த ஜெர்சிகளோடு அசடு வழிய நின்றிருந்தார். அக்கா நம் மேலாளரிடம் கேட்டார். "இவங்களோட இன்னும் ஆட்டம் இருக்கா?"

"சனிக்கிழமை இருக்குக்கா."

"அப்போ நல்லா இறுக்கித் தைக்கணும்."

சனிக்கிழமை நம் அணி மண்ணைக் கவ்வியது. அன்று எதிரணியைப் பிடிக்கும் தூரத்துக்கு நம்மவர் ஒருவரும் போய்ச் சேரவில்லை.