சூளைக்கு முன்னால் பின்னக் கணக்கு

பீங்கான் கம்பெனியில் மற்றவர்களுக்கு மண்ணோடு வேலை, எனக்கு முக்காலோடும் அரைக்காலோடும் வேலை. பள்ளிக்கூடத்தில் பின்னக் கணக்கைப் பார்த்துக் கண்கலங்கியவர்களுக்கு என் பாடு புரியும். விருத்தாசலத்தில், கரண்டுப் பெட்டியில் ஃபியூஸ் மாட்டும் பீங்கான் கட்டை செய்யும் சின்னக் கம்பெனியில், பளபளப்புப் பூச்சுக்கு மாவு நிறுத்துப் போடுகிறவளாக எண்பத்தொன்பதில் சேர்ந்தேன்.

ஒன்றரை டிரம்

ஒரு டிரம் பூச்சுக்கு வெள்ளை மண் இரண்டே முக்கால் கிலோ. சேர்ந்த நாலாம் நாள் ஒன்றரை டிரம் கேட்டார்கள். அவசரத்தில் அரைக் கிலோவைக் கூட்டி, மூன்றே கால் என்று நிறுத்து அரைவை மெஷினில் கொட்டிவிட்டேன். சுவிட்சில் கை வைத்தபோது ஃபோர்மேன் கலியமூர்த்தி அண்ணன் ஓடிவந்து என் கையைத் தட்டிவிட்டார். நாலு கிலோவுக்கு மேல் வேண்டும் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

"ஒன்றரைன்னா அரைக் கிலோ கூட்டுறது இல்ல செல்வி, அரைப் பங்கு கூட்டுறது!"

சுருங்கும் கட்டை

பெண்ணாடத்திலிருந்து மோட்டார் மெக்கானிக் ராஜேந்திரன் வந்தார். கரும்புக்குத் தண்ணி பாயாமல் நிற்கிறது, மோட்டார் பெட்டியில் உடைந்த கட்டைக்குப் பதிலாகச் சரியாக மூன்றரை அங்குலத்தில் வேண்டும் என்றார். எங்கள் மண் சூளையில் வெந்தால் நீளத்தில் எட்டில் ஒரு பங்கு சுருங்கும். "மூன்றரையில எட்டுல ஒண்ணைக் கூட்டிப் போடு" என்றார் கலியமூர்த்தி அண்ணன்.

"அண்ணே, சுருங்குறது பச்சை மண்ணோட நீளத்துல. நாலு அங்குலம் போட்டாத்தான் அரை அங்குலம் போயி மூன்றரை நிக்கும்" என்றேன். அவர் முகம் சிவந்துவிட்டது. "தப்பா வந்தா நீதான் அவருக்குப் பதில் சொல்லணும்" என்றார். சூளை ஆறும்வரை எனக்குச் சோறு இறங்கவில்லை. திரும்பி வந்த ராஜேந்திரன் தானே கட்டையை எடுத்து, கையோடு கொண்டுவந்த பெட்டியில் வைத்து அழுத்தினார். டக்கென்று உட்கார்ந்தது. கலியமூர்த்தி அண்ணன் அவரிடம் சொன்னார்:

"இந்தப் பொண்ணுக்குக் கணக்கே வராதுன்னுதாங்க நெனச்சேன், நான் போட்டிருந்தா கட்டை லொடலொடன்னு ஆடியிருக்கும்."

ஏழரை அங்குல எண்ணெய்

ஒரு மழைக்காலம். திட்டக்குடிப் பக்கம் வெள்ளத்தில் சூளை எரிக்கும் எண்ணெய் ஏற்றிவந்த லாரி மாட்டிக்கொண்டது. காலை ஒன்பது மணிக்கு டேங்கில் குச்சி விட்டு அளந்தால் ஏழரை அங்குலம். மணிக்கு ஒன்றே கால் அங்குலம் எரியும். பூச்சு உருக இன்னும் ஆறரை மணி நேரம் வேண்டும் என்றார் சூளைக்காரர் ஆரோக்கியசாமி. உள்ளே பதினெட்டுப் பேரின் மூன்று வார உழைப்பு இருந்தது.

"கிட்டத்தட்ட வந்துரும், வுடு" என்றார் கலியமூர்த்தி அண்ணன். நான் காகிதத்தில் மூன்று முறை போட்டுப் பார்த்தேன். சரியாக ஆறு மணி நேரம்தான் வந்தது. மணிக்கு எரிவது இருபது லிட்டர் என்றால் அரை மணிக்குப் பத்து. பக்கத்துக் கம்பெனிக்கு மழையில் ஓடி, கெஞ்சிக் கேட்டுப் பத்து லிட்டர் வாங்கி வந்து ஊற்றினோம்.

மூன்று மணிக்குமேல் ஆரோக்கியசாமி குச்சியை விட்டு விட்டுப் பார்த்துக்கொண்டே இருந்தார். மூன்றரைக்குக் குச்சியின் நுனி மட்டும் நனைந்திருந்தது; தீ அணையவில்லை. ஆரோக்கியசாமி வால்வை மூடிவிட்டுத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"கணக்கு சரிதாம்மா, எனக்குத்தான் அரை மணி நேரமா மூச்சே வரல."

முழு எண் என்னை ஒருநாளும் பயமுறுத்தியதில்லை. மழையில் ஓட வைத்ததெல்லாம் அதன் வாலைப் பிடித்துக்கொண்டு வந்த துண்டுதான்.