விலகிய காரணம்

பள்ளியை மூடச் சொல்லி ஆணை வந்த அன்று கிளார்க்கம்மா அழவில்லை. அந்த அரசு உயர்நிலைப் பள்ளியில் படித்துத்தான் அவர் தம் குடும்பத்தில் முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டார். பிறகு அதே பள்ளி அலுவலகத்தில் இருபத்தாறு ஆண்டு வேலை.

"மாணவர் எண்ணிக்கை குறைவு" என்றது ஆணை. கணக்கு வாத்தியார் ஓய்வு பெற்று ஐந்து ஆண்டாகியும் வேறு ஆள் போடவில்லை. மாடி வகுப்பறை ஒழுகியது. பெண் பிள்ளைகளின் கழிப்பறை பூட்டியே கிடந்தது. அதையெல்லாம் ஆணை சொல்லவில்லை. பட்டினி போட்டுவிட்டு, சாப்பிட மறுத்தது என்று எழுதுகிறவர்களை என்ன செய்வது?

மிச்சமிருந்த இருநூற்றுப் பதினாலு பேருக்கும் மாற்றுச் சான்றிதழ் எழுத வேண்டும். அதில் 'விலகிய காரணம்' என்று ஒரு கட்டம். "பெற்றோர் விருப்பம்னு போட்டுடுங்க" என்று மேலிடத்திலிருந்து போனில் சொன்னார்கள். சொன்னபடி எழுதிப் பழகிய கை. இரண்டு நாளில் அறுபது எழுதியது.

மூன்றாம் நாள் ஒன்பதாம் வகுப்புப் பெண் ஒருத்தியின் தாய் வந்தார். மருத்துவமனையில் துணி துவைக்கிறவர். சான்றிதழை வாங்கி எழுத்துக்கூட்டிப் படித்தார்.

"என்ன மேடம் இது, பெற்றோர் விருப்பம்?"

"எல்லாருக்கும் அப்படித்தான். சும்மா ஒரு வழக்கம்."

"என்னை யாரு கேட்டாங்க? ரெண்டு பஸ் மாறிப் போற ஸ்கூல் வேணும்னு நானா விரும்புவேன்?"

கிளார்க்கம்மா விதிப் புத்தகத்தைப் புரட்டினார். பள்ளி மூடப்பட்டால் பிள்ளைகளுக்கு வேறிடம் தருவதும் இலவசப் பேருந்து அட்டை தருவதும் துறையின் கடமை. பெற்றோரே விலக்கினால் அது அவர்கள் பாடு. இரண்டே சொல்லில் துறை கை கழுவுகிறது. அறுபது பிள்ளைகள் விஷயத்தில் அந்தக் கை கழுவலுக்குத் தண்ணீர் ஊற்றியது தம் கைதான் என்று அவருக்கு உறைத்தது.

"கொடுங்க. நாளைக்கு வாங்க, மாத்தித் தர்றேன்."

"நாளைக்கும் லீவு போட்டா வேலையை விட்டு அனுப்பிடுவாங்க. அதையும் என் விருப்பம்னு எழுதுவாங்க."

"அப்ப உட்காருங்க."

புதிய படிவத்தில் 'பள்ளி மூடப்பட்டதால்' என்று எழுதித் தலைமையாசிரியரிடம் கொண்டுபோனார்.

"என்னம்மா இது? எனக்கு இன்னும் நாலு மாசம்தான் சர்வீஸ். பென்ஷன்ல கை வெச்சுடாதீங்க."

"விருப்பம்னு பெத்தவங்க கைப்பட எழுதின கடிதத்தைக் காட்டுங்க சார், பழையபடியே எழுதுறேன். இருநூத்துப் பதினாலு கடிதம் வேணும்."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வெளியே பெஞ்சில் காத்திருந்த தாயைப் பார்த்தார்.

"பேனா கொடுங்க."

பழைய அறுபதையும் திரும்ப வாங்கி மாற்றி எழுதினார் கிளார்க்கம்மா. விளக்கம் கேட்டு மெமோ வந்தது. "ஊருக்கெல்லாம் சான்றிதழ் எழுதினியே, இப்ப உனக்கே ஒண்ணு எழுதப் போறாங்க" என்றார் கணவர். அப்படி எழுதவில்லை, கிளார்க்கம்மாவை நகரத்தின் மறுகோடியிலிருந்த பழைய கோப்பு அறைக்குத் தூக்கிப் போட்டார்கள்.

பிள்ளைகளுக்கு இடம் கிடைத்தது. பேருந்து அட்டை வர ஐம்பது நாளானது. அதுவரை அந்தத் துணி துவைக்கும் தாயின் மகள் ஒன்றரை மணி நேரம் நடந்தே போனாள். பத்தொன்பது பெண் பிள்ளைகள் பள்ளிக்குப் போகாமல் நின்றுவிட்டார்கள். கிளார்க்கம்மா ஞாயிற்றுக்கிழமைகளில் அவர்கள் வீடுகளுக்குப் போய், பதினொரு பேரைத் திரும்பச் சேர்த்தார். மீதி எட்டுப் பேரில் மூவருக்கு அதற்குள் கல்யாணம் முடிந்திருந்தது.