மூன்றாவது மெழுகுவர்த்தி

சுண்டுவிரல் உயரம்கூட இருக்காது அந்த மெழுகுவர்த்தி. ஒரு நிமிடம் எரிவதற்கென்றே வார்த்தது. புதுச்சேரி நீதிமன்றத்தில் நிலத்தை ஏலம் விடும்போது, பிரெஞ்சுக்காரர் வழக்கப்படி அதை ஏற்றுவார்கள். ஒன்று அணைந்ததும் அடுத்தது. மூன்றும் அணையும்வரை யாரும் விலையைக் கூட்டாவிட்டால், கடைசியாகக் கேட்டவருக்கு நிலம். கிருமாம்பாக்கத்தில் என் தாய்மாமனுக்கு இருந்த ஒரே கரும்புக் கொல்லை அப்படித்தான் போனது. மூன்றாவது திரியின் புகை கலையும்வரை அவர் அதையே பார்த்துக்கொண்டு நின்றார்.

அப்போது நான் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. பிரெஞ்சு படித்த திமிர் வேறு. வங்கிக் கடனுக்காக ஏலம் என்றதும் துள்ளி எழுந்தேன். ஏல அறிவிப்பை மாமன் வீட்டுக் கதவில் ஒட்டியிருக்க வேண்டும். பங்காளி வீட்டுக் கதவில் ஒட்டிவிட்டுப் போயிருந்தார்கள். இது போதும், ஏலத்தை நிறுத்திவிடலாம்! ஒரே மாலையில் இரண்டு பக்க மனு எழுதி முடித்தேன். அதோடு விட்டேனா? வாதம் இன்னும் மிடுக்காக வேண்டுமென்று மூன்று நாள் அடித்து அடித்துத் திருத்தினேன்.

"இன்னாடா, இன்னுமா எழுதற? அதான் கதவு மாறிப்போச்சே, அத்த சொன்னா போதாதா? கொண்டு குடுத்துடுடா" என்றார் மாமன்.

"கோர்ட்டுல அப்டியெல்லாம் பேச முடியாது மாமா. நீங்க சும்மா இருங்க."

மனு பன்னிரண்டு பக்கமானது. ஏலத்தன்று காலையில்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன். அன்றைய வரிசையில் கடைசியாக வைத்துவிட்டார்கள். ஏலம் பத்து மணிக்கு. மனு எடுத்துக்கொள்ளப்பட்டது மூன்று மணிக்கு. நீதிபதி முதல் பக்கத்தைப் படித்தார். நல்ல பிரெஞ்சு என்று வக்கீலிடம் பாராட்டினார். ஏலம் முடிந்துவிட்டதால் நிறுத்தும்படி கேட்கும் மனுவில் இனி விசாரிக்க ஒன்றுமில்லை என்று மூடி வைத்தார்.

வெளியே வந்ததும் மாமன் கேட்டார்: "நம்ம பக்கம் நாயம் இல்லன்னுட்டாரா?"

"இல்ல மாமா. இருக்கா இல்லியான்னே பாக்கல."

தெருமுனைவரை நடந்தார். பிறகு, "மூணு வத்திக்குப் பன்னெண்டு பக்கமாடா?" என்று சிரித்தார். திட்டியிருக்கலாம்.

அதன்பிறகு அந்தக் கொல்லையிலேயே கூலிக்குக் கரும்பு வெட்டினார். என்னைப் பார்க்கும்போதெல்லாம், "அந்த மனுவ இன்னோரு வாட்டி குடுத்துப் பாக்கலாமாடா?" என்பார். போன தையில் இறந்துபோனார். அதற்கு இரண்டு நாள் முன்புகூடக் கேட்டார்.

இப்போது போர்க்காலம். மண்ணெண்ணெய் கிடைப்பதில்லை. அந்தி சாய்ந்ததும் மெழுகுவர்த்தி ஏற்றித்தான் எழுதுகிறேன். என் மனுக்கள் ஒரு பக்கத்தைத் தாண்டுவதில்லை. எழுதிய மறுநாளே கொடுத்துவிடுகிறேன். ஆனாலும் ஜன்னல் காற்றில் சுடர் சாயும்போது பேனா நின்றுவிடுகிறது. அன்றைய ஏலம் இன்னும் முடியாததுபோல, என் கை தானாகப் போய் அதைச் சுற்றி மறைத்துக்கொள்கிறது.