எலி தேர்ந்தெடுத்த மூலை

அறுபதுகளின் தொடக்கத்தில் ஸ்ரீரங்கத்தில் நாங்கள் குடியிருந்த வீட்டில் நான்கு குடித்தனங்களுக்கும் ஒரே கொல்லைதான். பக்கத்துக் குடித்தனக்காரர் திருச்சியில் ஒரு கல்லூரியில் விலங்கியல் வாத்தியார். ஒல்லி உடம்பு, காதில் செருகிய பென்சில். ஆராய்ச்சிக்கென்று கொல்லையில் வெள்ளை எலிகள் வளர்த்தார். ஏதாவது எலி சினையாக இருந்தால் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நுனிக்காலில்தான் கூண்டருகே போவார்.

எனக்கு நிறைமாதம். ஆஸ்பத்திரிக்குப் போகிறேன் என்றேன். வீட்டில்தான் பிரசவம், மருத்துவச்சியிடம் சொல்லியாயிற்று என்றார் மாமியார். இருவரும் பேச்சை நிறுத்திவிட்டோம். வாத்தியார் தானாகவே வந்தார்.

"மாமி, எலி தானே ஒரு மூலையைப் பார்த்து வெச்சுக்கும். அதைக் கலைச்சா பெத்த குட்டியையே தின்னுடும். பத்து வருஷமா பார்த்துண்டிருக்கேன். இவ கேக்கற இடத்துக்கே அனுப்பிடுங்கோ."

மாமியார் என்னை ஒரு மாதிரி பார்த்தார். மறுநாளே ஆஸ்பத்திரிக்குப் போக ஜட்கா வண்டிக்குச் சொல்லி அனுப்பினார்.

மூன்று மாதம் கழித்து வாத்தியார் மனைவிக்கு நாள் நெருங்கியது. ஆஸ்பத்திரிக்குப் போகணும் என்று என்னிடம் அழுதாள். வாத்தியாரின் அம்மா கூடாதென்றுவிட்டார். வாத்தியார் வாயே திறக்கவில்லை. கொல்லையில் பிடித்துக் கேட்டேன்.

"எங்காத்துல சொன்னதை உங்கம்மாகிட்ட சொல்லக்கூடாதோ?"

"எலிக்கு மாமியார் கிடையாதேம்மா" என்றார். பிறகு செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு கூண்டைக் காட்டினார். "கொஞ்சம் மெதுவா பேசு. பாவம், இதுக்கு இன்னிக்கோ நாளைக்கோன்னு இருக்கு."

அவர் தயவால் ஆஸ்பத்திரியில் பிறந்த குழந்தை என் தோளில் தூங்கிக்கொண்டிருந்தது. நான் குரலைத் தாழ்த்திக்கொண்டேன்.