புலிக்குப் பக்கத்துக் கூண்டு

இதைக் கட்டுக்கதை என்று நினைப்பவர்கள் ஒடிலியாவின் முகத்தைப் பார்த்து அதைச் சொல்லட்டும். அவள் சண்டைக்கு வரமாட்டாள். பேச்சை எடுத்ததும் எழுந்துபோய்ச் சோப்புப் போட்டுக் கை கழுவிவிட்டு வருவாள். அவள் வீட்டுக்கு மூன்றாவது வீட்டில் பல வருஷமாகக் குடியிருக்கிறேன். அவள் பொய் சொல்லி நான் கேட்டதே இல்லை. கூட இருந்த அவள் கொழுந்தன் ராமிரோ வாயைத் திறந்தால் பாதி பொய்தான். ஆனால் இந்த விஷயத்தில் மட்டும் இருவரும் ஒரு வார்த்தை மாறாமல் ஒன்றையே சொல்கிறார்கள்.

நடந்தது நட்டநடு மத்தியானத்தில். இருட்டு இல்லை, மழை இல்லை, நாய் ஊளையிடவில்லை. டெக்சாஸின் தென்கோடியில் ஆகஸ்ட் மாத வெயில் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது.

ஒடிலியாவின் புருஷன் எண்ணெய்க் கிணற்றில் வேலை செய்கிறான். அவனைப் பார்க்க ராமிரோவின் பழைய லாரியில் மூன்று பேர் கிளம்பினார்கள். ராமிரோ, ஒடிலியா, அவள் ஆறு வயசு மகள் பெலேன். பாலோ செக்கோ என்ற ஊருக்குப் பக்கத்தில் வண்டி கொதித்து நின்றது. மெக்கானிக் இரண்டு மணி நேரம் ஆகும் என்றான். ஊரில் திறந்திருந்த சாப்பாட்டுக் கடை ஒன்றுகூட இல்லை. கட்டிக்கொண்டு வந்த தமாலே, சோளமாவில் அவித்த கொழுக்கட்டை, எல்லாம் வெயிலில் ஊசிப்போயிருந்தது.

"அம்மா, பசிக்குது" என்றாள் பெலேன்.

"கொஞ்சம் பொறுடி கண்ணு."

"அண்ணி, அங்க பாருங்க. ஏசி இருக்காம், போர்டுலயே போட்டிருக்கான்" என்றான் ராமிரோ.

எதிரே ஒரு தகரக் கொட்டகை. 'காட்டு விலங்குகளும் எல்லைச் சட்டக் காவலர்களும்: அருங்காட்சியகம்' என்று எழுதியிருந்தது. அதன் கீழே இன்னும் பெரிய எழுத்தில், 'உள்ளே குளுகுளு ஏசி.'

கதவைத் திறந்ததும் அந்த வாடைதான் முதலில் முகத்தில் அடித்தது. செத்த எலியை முகப்பவுடரில் புரட்டி வைத்த மாதிரி. ஒடிலியா கழுத்துத் துணியால் மூக்கைப் பொத்திக்கொண்டாள்.

முதல் அறையில் ஐந்து காட்டுப்பன்றிகள் மேஜையைச் சுற்றி உட்கார்ந்து சீட்டு ஆடிக்கொண்டிருந்தன. எல்லாம் பாடம் பண்ணியவை. ஒவ்வொன்றின் மார்பிலும் ஷெரிஃப் என்ற ஊர்க் காவல் தலைவர் அணியும் நட்சத்திரம் குத்தியிருந்தது. ஒரு பன்றியின் உதடு காய்ந்து சுருண்டிருந்தது. ஈறுக்காகப் பூசிய சிவப்பு மெழுகு உருகித் தாடையில் வழிந்து நின்றது. அதில் ஒரு ஈ ஒட்டிக்கொண்டு இன்னும் காலை ஆட்டியது.

"இது அப்படியே எங்க மேஸ்திரி, அண்ணி. அந்த மீசைகூட இருக்கு."

"சும்மா இருடா. அந்த ஆளு காதுல விழப்போகுது."

அந்த ஆள் விர்ஜில் டக்கெட். அருங்காட்சியகத்தின் பொறுப்பாளர். ஒல்லி, எழுபது வயசு இருக்கும். கன்னத்தில் புகையிலையை அடக்கி மென்றுகொண்டே இருந்தார். நாலு வார்த்தைக்கு ஒரு தரம் கையிலிருந்த காகிதக் கோப்பையில் துப்பினார். கோப்பை பாதி நிறைந்திருந்தது. ஒடிலியா முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

மான் குளம்பில் செய்த விளக்கு. கிலுகிலுப்பைப் பாம்பின் வால்நுனிகளை ஒட்டிச் செய்த நட்சத்திரம். கண்ணாடிப் பெட்டிக்குள் தூக்குக் கயிறு. அதில் இரண்டு மூன்று நரைமுடி. இரட்டைத் தலைக் கன்றுக்குட்டியின் வயிற்றுத் தையல் விட்டு, வைக்கோல் பிதுங்கிக்கொண்டிருந்தது. 'அதிலிருந்து நெளிந்து விழுந்ததெல்லாம் புழு' என்று ஒடிலியா இன்றைக்கும் சொல்வாள்.

கடைசி அறையில் புலி நின்றது. ஜாகுவாரை எங்கள் பக்கத்தில் புலி என்றுதான் சொல்வோம். சாயம் வெளுத்து, விலாவில் திட்டுத் திட்டாக முடி போயிருந்தது.

"ஷெரிஃப் அமோஸ் க்ராடி சுட்டது. இந்தப் பக்கத்துல கடைசிப் புலி இதுதான்" என்று டக்கெட் பெருமையாகச் சொல்லிவிட்டுத் துப்பினார். "இது அவரோட கூண்டு. அசல். கோர்ட்டு நிலவறையிலேர்ந்து பெயர்த்துக் கொண்டாந்தோம்."

புலியை ஒட்டியே நின்றது அந்தக் கூண்டு. தட்டை இரும்புப் பட்டைகளைக் குறுக்கும் நெடுக்குமாகப் பின்னியது. கை மட்டும் நுழையும் ஓட்டைகள். உள்ளே ஒரு பலகை. மேலே ஒரு அட்டை: 'இதிலிருந்து ஒருவனும் தப்பியதில்லை.'

"பாப்பாவை உள்ள நிக்க வெச்சு போட்டோ எடுங்க. எல்லாரும் எடுப்பாங்க."

ஒடிலியா வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் பெலேன் ஓடிவிட்டாள்.

"சித்தப்பா! நான்தான் குதிரைத் திருடி!"

"மாட்டுனியா!" ராமிரோ சிரித்துக்கொண்டே கதவைச் சாத்தினான்.

டக்.

போட்டோ எடுத்தான். கதவை இழுத்தான். வரவில்லை.

"விளையாடாதடா. திற."

"விளையாடலை அண்ணி. பூட்டிக்கிச்சு."

டக்கெட் மெல்லுவதை நிறுத்தினார். "பூட்டாதே அது..." என்றார். "பூட்டுக்குள்ள இருந்ததையெல்லாம் கழட்டிப் போட்டாச்சும்மா. அது வெறும் டப்பா."

அவர் பூட்டின் துவாரத்தைக் காட்டினார். அடுத்த பக்கம் வெளிச்சம் தெரிந்தது. உள்ளே ஒன்றுமே இல்லை. ஆனால் கதவு அசையவில்லை.

கடப்பாரை பின்பக்கக் கொட்டகையில் இருந்தது. அதை எடுக்க டக்கெட் ஓடினார். பின்னாலேயே ராமிரோவும் ஓடினான். ஒடிலியா ஓட்டை வழியே கையை நுழைத்து மகளின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பயப்படாத. அம்மா இங்கதான் இருக்கேன்."

"பயமில்லம்மா. பசிக்குது."

வெளியே கொட்டகைக் கதவு கிறீச்சிட்டது. பிறகு அதுவும் அடங்கிவிட்டது. ஏசி மட்டும் உறுமிக்கொண்டிருந்தது.

அப்போதுதான் அந்தச் சத்தம்.

மசுக்... மசுக்... மசுக்...

டக்கெட்தான் புகையிலையோடு திரும்பி வந்துவிட்டார் என்று நினைத்து ஒடிலியா திரும்பிப் பார்த்தாள். யாரும் இல்லை. வாசல்வரை வெறிச்சென்று இருந்தது.

மசுக்... மசுக்...

சத்தம் கூண்டுக்குள்ளிருந்து வந்தது.

பெலேன் எப்போது கையை விடுவித்துக்கொண்டாள் என்று அவளுக்குத் தெரியாது. குழந்தை பலகையில் உட்கார்ந்திருந்தாள். முதுகைக் காட்டிக்கொண்டு. சற்று ஒருபக்கமாகச் சாய்ந்து, யார் மேலோ சாய்ந்திருப்பது போல.

"பெலேன்... வாயில என்னடி?"



வாடை கூடியது. இப்போது பவுடர் வாசனை இல்லை. ஈரத்தோலும் எச்சிலும் நாள்பட்ட வியர்வையும் கலந்த நாற்றம். தொண்டைக்குள் நெய் மாதிரி படிந்தது.

ஒடிலியாவின் கண் புலியின் மேல் போனது. அதன் விலாவில் ஒரு துண்டுத் தோல் இல்லை. உள்ளங்கை அகலம். சற்று முன்னால் அங்கே தோல் இருந்தது. பிய்ந்த விளிம்பு... ஈரமாக இருந்தது.

"பெலேன்! திரும்பு! வாயைக் காட்டு!"

குழந்தை திரும்பினாள். கன்னம் ஒருபக்கம் உப்பியிருந்தது. உதட்டோரம் மஞ்சள் முடி நீட்டிக்கொண்டிருந்தது.

"பசிச்சுதும்மா. அவரு குடுத்தாரு."

"யாரு?"

"மொதல்ல கெட்டியா இருந்துச்சு. அவரே மென்னு குடுத்தாரு. இப்ப மெத்துனு இருக்கு."

சொல்லிவிட்டு அவள் வாயை மூடினாள். மெல்லவில்லை. தாடை அசையவில்லை.

ஆனாலும் சத்தம் கேட்டது.

மசுக்... மசுக்...

அவளுக்குப் பக்கத்தில். ஆள் உயரத்தில்.

ஒடிலியா அலறினாளா என்று அவளுக்கு நினைவில்லை. இரண்டு கையையும் இரண்டு ஓட்டையில் நுழைத்தாள். ஒரு கையால் மகளின் கழுத்துச் சட்டையைப் பிடித்து இழுத்தாள். மறுகை விரலை வாய்க்குள் விட்டாள்.

வழவழ என்று இருந்தது.

இழுத்தாள். வந்தது. இன்னும் வந்தது. முடியும் தோலும் திரிந்து கயிறு மாதிரி, தொண்டைக்குள்ளிருந்து.

சூடாக இருந்தது.

அதை உதறினாள். பிடித்திருந்த கை நழுவியது. அது ஓட்டைக்குள் வெறுமனே விரிந்து நின்றது.

அந்த உள்ளங்கையில்...

ஏதோ ஒன்று வைக்கப்பட்டது.

யாரோ மென்ற ஒன்று. உருண்டையாக. எச்சில் சொட்ட.

அவள் விரல்களை யாரோ பதமாக மடக்கிவிட்டார்கள். 'நீயும் சாப்பிடு' என்பது போல.

ராமிரோ கடப்பாரையோடு ஓடி வந்தபோது ஒடிலியா தரையில் மண்டியிட்டு வாந்தி எடுத்துக்கொண்டிருந்தாள். அவன் கடப்பாரையைக் கதவில் வைக்கவே இல்லை. கதவு தானாகத் திறந்தது.

பெலேன் பிழைத்துக்கொண்டாள். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் அன்று மாலை குழந்தைக்கு வயிற்றைப் பிடித்துக்கொண்டது. உதடு வெளுத்தது. பெரிய ஆஸ்பத்திரியில் வயிற்றைக் கழுவினார்கள். அந்தக் காலத்தில் தோலைப் பூச்சி அரிக்காமல் இருக்கப் பாஷாணம் தடவுவார்களாம். அதுதான் உள்ளே போயிருந்தது.

இளம் டாக்டர் ஒருத்தி ஒடிலியாவைத் தனியே கூப்பிட்டாள். "எனக்குப் புரியலை" என்றாள். "வயித்துல இருந்த தோல் அளவுக்கு இவ உசிரோட இருக்கவே கூடாது. ஆனா அதுல விஷம் கொஞ்சம்தான் மிச்சம் இருந்துச்சு. முன்னாடியே யாரோ சாறை உறிஞ்சிட்டு, சக்கையைக் குடுத்த மாதிரி."

ஒடிலியா ஓடிப்போய் மறுபடி வாந்தி எடுத்தாள். தன் குழந்தையின் வாய்க்குள் எவனோ ஒருவனின் எச்சில். பல் தேய்த்துவிட்டாள். உப்புநீரில் கொப்பளிக்க வைத்தாள். நாக்கைத் துணியால் துடைத்தாள். பெலேன் அழுதாள். அப்படியும் அவளுக்கு அடங்கவில்லை.

மறுநாள் கஞ்சி கொடுத்தார்கள். பெலேன் குடிக்கவில்லை. கரண்டியை எடுத்தாள். இடது பக்கம், தலைக்கு மேலே, வெறும் காற்றில் நீட்டினாள். கொஞ்ச நேரம் காத்திருந்தாள். பிறகு தன் வாய்க்குக் கொண்டுபோனாள்.

"என்ன செல்லம் இது? யாருக்கு ஊட்டுறே?" என்று ராமிரோ சிரிக்கப் பார்த்தான். சிரிப்பு வரவில்லை.

ரொட்டியையும் அப்படியே நீட்டினாள். திரும்பி வந்த துண்டை ஒடிலியா தட்டிவிட்டாள். அது படுக்கையில் விழுந்தது. கூழாகியிருந்தது.

சாயங்காலம் டக்கெட் வந்தார். வாயில் புகையிலை இல்லை. தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு வாசலிலேயே நின்றார். ராமிரோ சட்டையைப் பிடிக்கப் போனான்.

"அடிக்கணும்னா அப்புறம் அடிச்சுக்கோ தம்பி. மொதல்ல நான் சொல்றதைக் கேளு" என்றார். "அந்த அட்டையில எழுதாதது ஒண்ணு இருக்கு. க்ராடியோட பேத்தி சாகறதுக்கு முன்னாடி எங்கிட்ட சொன்னா. புலி வேட்டைக்குப் போனப்போ கூண்டுல ஒருத்தன் இருந்தான். உங்க இனத்து ஆளுதான். குதிரை திருடினான்னு பிடிச்சது. க்ராடி சாவியைப் பாக்கெட்டுல போட்டுக்கிட்டே போயிட்டார். கூட வேலை பாக்கறவன் சோறு போடுவான்னு நெனச்சார். அவனும் வேட்டைக்கு வந்துட்டான்."

"எத்தனை நாளு?" என்றான் ராமிரோ.

"புலி கெடைக்கிற வரைக்கும்."

டக்கெட் வாசலைத் தாண்டி ஒரு அடி உள்ளே வந்தார்.

"கூண்டுக்கு வெளிய, கைக்கு எட்டுற மாதிரி தோலுங்க குவிஞ்சு கெடந்துச்சு. பாடம் பண்ண வெச்சது. பாஷாணம் தடவினது. அதைத்தான் இழுத்து இழுத்துத் தின்னிருக்கான். வந்து பாக்கறப்போ செத்திருந்தான்."

ஒடிலியா அப்போதுதான் வாய் திறந்தாள்.

"தனியாவா இருந்தான்?"

டக்கெட் அவளை வெறித்துப் பார்த்தார். "உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றார்.

அவள் கட்டிலில் இருந்த பெலேனைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"ஒரு பொம்பளப் புள்ளையும் கூட இருந்துச்சு. அஞ்சாறு வயசு. தாயில்லாத புள்ளைன்னு அதையும் அப்பனோட சேத்தே பூட்டியிருக்காங்க. அப்பன் செத்து விறைச்சிருந்தான். புள்ளைக்கு உசிரு இருந்துச்சு. ஷெரிஃப் வீட்டுக்குத் தூக்கிட்டுப் போயி பாலும் ரொட்டியும் குடுத்தாங்களாம்."

அவர் தொப்பியைத் திருப்பித் திருப்பிப் பிடித்தார்.

"திங்கவே மாட்டேன்னுட்டா. குடுத்ததையெல்லாம் எடுத்து, பக்கத்துல, வெறும் காத்துல நீட்டிக்கிட்டே இருந்தாளாம். மென்னு குடுக்கறதுக்கு. ரெண்டு நாளு... கையை எறக்காம அப்படியே நீட்டினபடி போயிட்டா."

பெலேன் செய்ததை யாரும் அவரிடம் சொல்லியிருக்கவில்லை.