தவளைக்கு வைக்க இருந்த பெயர்

ராஜபாளையத்தில் என் அத்தையின் வீட்டுக்காரரைத் தவளைக்காரர் என்றுதான் தெருவில் சொல்வார்கள். கேலிப் பெயர்தான் என்றாலும் அதில் பொய் ஒன்றும் கிடையாது. கல்லூரி ஒன்றின் விலங்கியல் ஆய்வுக்கூடத்தில் அவர் அட்டெண்டர். மாணவர்கள் அறுத்துப் பார்ப்பதற்குத் தவளை பிடித்துக் கொடுப்பது அந்த உத்தியோகத்தில் பாதி. ஐப்பசி மழை விழுந்துவிட்டால் சாக்குப்பையும் கையுமாகக் கண்மாய்க்கரைக்குக் கிளம்பிவிடுவார். அவருடைய சொந்தப் பெயர் நல்ல பெயர், வாய் நிறையச் சொல்லக்கூடிய பெயர். அதை நான் இங்கே எழுதப் போவதில்லை. எழுதிப் பட்டது போதும்.

எங்கள் வீட்டின் முன்கட்டில் நாங்களும் பின்கட்டில் அத்தையும் மாமாவும் குடியிருந்தோம். அத்தை என் அப்பாவுக்கு மூத்தவள். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்து வைத்தியநாதர் கோவிலுக்கு அத்தை போய்வந்த கணக்கைப் பார்த்தால் சாமி வெட்கப்பட்டாவது ஒரு பிள்ளையைக் கொடுத்திருக்க வேண்டும். கொடுக்கவில்லை. கல்யாண வீடுகளில் யாராவது மாமாவிடம், பேர் சொல்ல ஒரு பிள்ளை இல்லாமல் போய்விட்டதே என்று துக்கம் விசாரிக்கிற குரலில் ஆரம்பிப்பார்கள். மாமா சிரித்துக்கொண்டே, “பேரு சொல்லக் காலேஜ்ல நூறு பிள்ளைய இருக்கு. அதுகளும் தவளைன்னுதான் சொல்லுது” என்பார். கேட்டவர்கள் சிரிப்பார்கள். அத்தை மட்டும் எழுந்து அடுப்படிப் பக்கம் போய்விடுவாள்.

அந்தத் தவளையை மாமா பார்த்தது அய்யனார் கோவில் ஓடைக்கு மேலே, மலை ஏறுகிற இடத்தில். கட்டைவிரல் நகத்தளவுதான் இருக்குமாம். தண்ணீரில் இறங்காதாம். ஈரப் பாறையில் ஒட்டிக்கொண்டு, பூட்டில் சாவி திரும்புவது மாதிரிச் சத்தம் போடுமாம். இருபது வருடம் தவளை பிடித்தவருக்கு அது எந்த இனத்திலும் சேராது என்று பார்த்ததுமே தெரிந்துவிட்டது. கல்லூரியில் சொல்லிப் பார்த்தார். அறுக்கப் போதாத தவளையால் என்ன பயன் என்று விட்டுவிட்டார்கள்.

அது எண்பதுகளின் கடைசி. நரை அணிலுக்காக ஸ்ரீவில்லிபுத்தூர் மலையைச் சரணாலயம் ஆக்கியிருந்த புதிது. அணில்களைக் கணக்கெடுக்க மதராஸிலிருந்து ஒரு டாக்டர் வந்து தங்கியிருந்தார். ஊசி போடுகிற டாக்டர் அல்ல, படித்து வாங்கிய டாக்டர். இது தெரியாமல் அத்தை அவரிடம் முழங்கால் வலிக்கு மருந்து கேட்டுவிட்டாள். அவர் திருதிருவென்று விழித்ததிலிருந்து அத்தைக்கு அவர்மேல் பெரிய மதிப்பில்லை. மாமா அவரை ஓடைக்குக் கூட்டிப் போனார். டாக்டர் பேண்ட் சட்டையோடு ஈரப் பாறையில் குப்புறப் படுத்து அரைநாள் பார்த்தாராம். போகும்போது நாலைந்து தவளைகளைக் கொண்டுபோனார்.

ஒரு வருடம் கழித்து அவர் திரும்பி வந்தபோது நான் ஐந்தாம் வகுப்பு. முன்கட்டில் நாற்காலி போட்டு உட்கார வைத்தோம். உலகத்தில் இதுவரை யாரும் பதிவு செய்யாத தவளை அது என்றும், கண்டுபிடித்தவர் என்ற முறையில் மாமாவின் பெயரையே அதற்கு வைக்கப் போவதாகவும் சொன்னார். தன் பெயரைத் தானே வைத்துக்கொள்வது அவர்கள் படிப்பில் மரியாதை இல்லையாம். இன்னொருவர் பெயரை வைப்பதுதான் வழக்கமாம். மாமாவின் பெயரோடு கடைசியில் ஓர் ஆங்கில எழுத்தைச் சேர்த்து ஒரு தாளில் எழுதிக் காட்டினார்.

மாமா அந்தத் தாளை வெகுநேரம் பார்த்தார்.

“எம்புட்டு நாளைக்கு சார் இருக்கும், இந்தப் பேரு?”

“உலகம் இருக்கிற வரைக்கும். அச்சில் ஏறிட்டா நானே நினைச்சாலும் மாத்த முடியாது. அதுதான் சட்டம்.”

மாமா துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். வியர்வை என்று நினைத்தேன்.

அப்போதுதான் டாக்டர் பையிலிருந்து அந்தப் பாட்டிலை எடுத்தார். ஸ்பிரிட்டில் ஊறிக் கிடந்தது தவளை. நிறம் வெளுத்து, நாலு காலும் விறைத்து நீட்டிக்கொண்டிருந்தன. பின்னங்காலில் வெள்ளை நூல் கட்டி, நூலில் மாமாவின் பெயர் எழுதிய ஒரு சின்ன அட்டை. முதன்முதலில் பெயர் சூட்டப்படும் தவளை இதுதான், பெயருக்கு ஆதாரமே இதுதான், இது என்றைக்கும் இப்படியே இருக்கும் என்று டாக்டர் பெருமையாகச் சொன்னார். காபி கொண்டுவந்த அத்தை வாசல்படியில் அப்படியே நின்றுவிட்டாள். அவள் பார்வை பாட்டிலில் இருந்தது. காபியை என் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போனாள்.

மறுநாள் மாமா வேலைக்குப் போனதும் அத்தை என்னைப் பின்கட்டுக்குக் கூப்பிட்டாள். ஓர் இன்லண்ட் லெட்டர் வாங்கி வைத்திருந்தாள். அவள் சொன்ன காரணம் எனக்கு அன்றைக்கு முழுக்க நியாயமாகப் பட்டது. அத்தையின் தாத்தா உயிரோடு இருக்கும்போதே அவர் பெயரை ஒரு பேரனுக்கு வைத்துவிட்டார்களாம். அந்த மாதம் முடிவதற்குள் தாத்தா போய்விட்டாராம். அத்தைக்கு அப்போது என் வயது. அவள் கண்ணால் பார்த்தது.

“பேரு கைமாறுனா ஆயுசும் கைமாறிரும் ஏட்டி. அதுவும் ஒரு மழைக்குப் பொறந்து மறு மழைக்குச் சாகுற சீவனுக்கு. செத்ததோட கால்ல நூலக் கெட்டி, அவிய பேர எழுதி வச்சிருக்கான், பாத்தியா? மனுசன் செத்தாத்தான கால்ல கெட்டுவாக.”

பார்த்திருந்தேன். அதற்கு முந்தின வருடம் எதிர்வீட்டுக்காரர் இறந்தபோது இரண்டு கால் கட்டைவிரலையும் சேர்த்துக் கட்டியிருந்ததைப் பார்த்துவிட்டு நான் மூன்று நாள் சாப்பிடவில்லை. அதனால் எனக்கும் பயம் வந்துவிட்டது.

அத்தை சொல்லச் சொல்ல எழுதினேன். அந்தப் பெயரை எடுத்துவிட வேண்டும், எங்கேயும் அது வரக்கூடாது, செத்துப்போன யார் பெயரையாவது வைத்துக்கொள்ளட்டும், ஒரு சுமங்கலி காலில் விழுந்து கேட்கிறாள். இவ்வளவுதான் கடிதம். கல்யாணமான நாளிலிருந்து மாமாவின் பெயரைச் சொல்லியிராதவள், கடிதத்துக்காகவும் சொல்லவில்லை. அந்த இடம் வந்ததும் நிறுத்தி, “நீயே எழுதிக்க” என்றாள். எழுதினேன். டாக்டர் கொடுத்திருந்த முகவரி அட்டையைப் பார்த்து ஆங்கில எழுத்துகளை ஒவ்வொன்றாக வரைந்தேன். “அவியகிட்ட மூச்சு விடக்கூடாது” என்று என் தலையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டாள்.

அதற்குப் பிறகு வந்த ஆறேழு மாதங்களை நினைக்கத்தான் எனக்கு இப்போதும் பிடிக்கவில்லை. மாமா தினமும் முகம் மழித்துக்கொண்டார். தவளைக்காரரே என்று யாராவது கூப்பிட்டால், முன்னைப்போல எதிர்க் கேலி செய்யாமல் சந்தோஷமாகத் திரும்பினார். சாயங்காலங்களில் என் சிலேட்டில் அந்த ஆங்கிலப் பெயரை எழுதச் சொல்லிப் பார்ப்பார். கடைசி எழுத்து எதற்கு என்று கேட்பார். டாக்டர் சொன்னதை நான் சொல்வேன், மாமாவுடையது என்று அர்த்தம் என்று. “என்னோடது” என்று ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொள்வார். நான் சிலேட்டை அழித்துவிட்டு விளையாடப் போவேன்.

ஒரு சனிக்கிழமை தபால்காரர் தடித்த பழுப்பு உறை ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போனார். அத்தை மடவார் வளாகத்துக்குப் போயிருந்தாள், மாமாவின் ஆயுளுக்கு வேண்டிக்கொள்ளத்தான். மாமா கை கழுவிவிட்டு வந்து உறையைப் பிரித்தார். உள்ளே அச்சடித்த மெல்லிய புத்தகம். தவளைப் படம் இருந்த பக்கத்தில் விரலை வைத்து ஒவ்வொரு எழுத்தாகப் போனார். நாங்கள் சிலேட்டில் எழுதிய பெயர் அங்கே இல்லை. வேறு ஏதோ இருந்தது. கடைசிப் பக்கத்திலிருந்து டாக்டரின் கடிதம் ஒன்று விழுந்தது, கூடவே நீல நிறத்தில் என் இன்லண்ட் லெட்டரும்.

நான் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ஓடக்கூடத் தோன்றவில்லை. மாமா டாக்டரின் கடிதத்தைப் படித்தார். வீட்டில் விருப்பம் இல்லாததால் காலமான தன் ஆசிரியரின் பெயரை வைத்துவிட்டதாக அதில் எழுதியிருந்தது. பிறகு என்னுடையதைப் படித்தார். ஒரு பக்கம்தான், இருந்தாலும் வெகுநேரம் படித்தார். அடி விழப் போகிறது என்று நினைத்தேன். அவர் அதை வந்த மடிப்பிலேயே மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

“எழுத்து முத்து முத்தா இருக்கு பாப்பா. ஒரு அடித்தல் திருத்தல் இல்ல.”

டாக்டரின் கடிதத்தையும் அதே பைக்குள் செருகிவிட்டு, “இந்தக் கடுதாசி வந்தத அத்தகிட்டச் சொல்லிராத. புஸ்தகம் மட்டும் வந்துச்சு, என்ன?” என்றார்.

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அடி இல்லை. போதாததற்குப் பாராட்டு வேறு. அத்தையின் ரகசியம், மாமாவின் ரகசியம் இரண்டையும் காக்கிற பெரிய மனுஷியாகிவிட்ட பெருமையில் அன்று எனக்குத் தரையில் கால் பாவவில்லை.

சாயங்காலம் அத்தை வந்து மாமாவின் நெற்றியில் திருநீறு பூசினாள். வேறு யார் பெயரையோ வைத்துவிட்டார்கள் என்று மாமா சொன்னார். “போகட்டும், விடுங்க” என்று சொல்லிவிட்டு அத்தை முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அன்றைக்குப் பாயசம் வைத்தாள். எதற்கென்று மாமா கேட்கவில்லை. இரண்டு தம்ளர் வாங்கிக் குடித்தார்.

ஊர் சும்மா இருக்கவில்லை. பஜாரில் சாக்குக்கடை வைத்திருந்த பாய் மாமாவுக்கு நெருங்கிய சிநேகிதர். அவர் வீட்டுக்கே வந்து, “கண்டுபிடிச்சது நீங்க, பேரு அந்தாளு வாத்தியாருக்கா? விடப்பிடாது, மேல எழுதிப் போடுவோம்” என்று குதித்தார். அப்பாவும் அந்த டாக்டர் இனி இந்தப் படி மிதிக்கக்கூடாது என்றார். மாமா எல்லோரிடமும், “அவரு மேல குத்தம் இல்ல” என்பதற்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை. வாயில்லாப்பூச்சி, அதனால்தான் ஏமாற்றிவிட்டார்கள் என்று பேசிக்கொண்டார்கள். அத்தையும் கூடச் சேர்ந்து டாக்டரைத் திட்டினாள், கொஞ்சம் பலமாகவே. மாமா கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பார். அதற்குப் பிறகு அவர் அய்யனார் கோவில் ஓடைக்குப் போகவில்லை. கல்லூரிக்குத் தவளை பிடிக்கும் வேலையையும் வேறொருவரிடம் கொடுத்துவிட்டார்.

இரண்டு மழைக்காலம் போயிற்று. மஞ்சள் காமாலை என்று படுத்தவர் எழுந்திருக்கவில்லை. கீழாநெல்லி, வைத்தியநாதர் திருநீறு, ஆஸ்பத்திரி என்று அத்தை எதையும் விடவில்லை. முன்கட்டில் கிடத்தியிருந்தபோது கால் கட்டைவிரல்களை வெள்ளைத் துணியால் கட்டியிருந்தார்கள். நான் அத்தையைப் பார்த்தேன். அவளும் அந்தக் கட்டைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். வந்தவர்களிடமெல்லாம் அவள் ஒன்றையே சொல்லி அழுதாள், அன்றைக்கே போயிருக்க வேண்டியவரை இரண்டு வருடம் தன் கையால் இழுத்துப் பிடித்து வைத்திருந்ததாக. அவர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. துக்கத்தில் உளறுகிறாள் என்று நினைத்துக்கொண்டார்கள்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து உறவுக்காரர்கள் ஊருக்குப் போன பிறகு அத்தை என்னைப் பின்கட்டுக்குக் கூப்பிட்டாள். அவள் கையில் ஓர் இன்லண்ட் லெட்டர் இருந்தது.

“இனிமே குத்தம் இல்ல ஏட்டி. அந்த டாக்டருக்கு எழுது. இப்ப வைக்கச் சொல்லு. அவியளுக்கும் பேர் சொல்ல ஒண்ணு வேணும்ல.”

எனக்குப் பன்னிரண்டு வயது. அச்சில் ஏறிய பெயரை யாராலும் மாற்ற முடியாது என்று டாக்டர் சொன்னபோது நானும் பக்கத்தில்தான் இருந்தேன். அது எங்களுக்கும் சேர்த்துச் சொன்னது என்று தோன்றவில்லை. என் ஒரு கடிதத்தால் போன பெயர், இன்னொரு கடிதத்தால் வந்துவிடும் என்று நம்பினேன். மாமாவின் பெயர் வரும் இடத்தில் அத்தை வழக்கம்போல நிறுத்தினாள். நான் எழுதினேன். எழுதப் படிக்கத் தெரியாதவள், அந்த இடத்தில் விரலை வைத்து, “இதுதானா?” என்று கேட்டாள். ஆமாம் என்றேன். விரலை எடுக்க அவளுக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று. பிறகு மீதியையும் நிறுத்தி நிதானமாக, அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதி முடித்தேன். மாமாவே பாராட்டிய கையெழுத்து ஆயிற்றே.